பாரசீகத் தளபதியின் குரல்

எனக்கு மறதி கிடையாது. யார் எப்போது என்ன சொன்னார்கள் என்பது அப்படியே நெஞ்சில் கிடக்கும். இது நல்ல குணமில்லை என்று என் மனைவி சொல்வாள். இருக்கட்டும். இதை எழுதுவதற்கு அந்தக் குணம்தான் வேண்டும்.

கொடைக்கானலைத் தாண்டி மேல்மலையில் இருக்கிறது எங்கள் ஊர். பூண்டும் உருளைக்கிழங்கும் போடுகிற ஊர். நான் அப்போது ஜீப் ஓட்டிக்கொண்டிருந்தேன்; எழுத்தெல்லாம் பின்னால் வந்தது. ஒரு தை மாதம் சென்னையிலிருந்து ஒரு சினிமாக் கம்பெனி வந்து இறங்கியது. படத்தின் கதாநாயகன் போன பிறவியில் கப்பலேறி யவன நாட்டுக்குப் போன தமிழ் வீரனாம். அங்கே பாரசீகப் படையை ஒற்றை ஆளாக விரட்டியடிக்கிறானாம். அந்தச் சண்டைக்கு எங்கள் ஊர்ப் புல்மேடு பிடித்துப்போயிற்று. யவன வீரர்களாக நிற்கச் சென்னையிலிருந்து கட்டுடம்புப் பையன்களைப் பஸ்ஸில் கூட்டிவந்திருந்தார்கள். பாரசீகர்கள் நாங்கள்.

"கறுப்பா, முரட்டுத்தனமா இருக்கற ஆளுங்க போதும்" என்று ஆள் சேர்க்க வந்தவன் சொன்னான். எங்கள் முகத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னான். முதலில் அவனை மனதில் வைத்துக்கொண்டேன்.

தை மாதத்தில் எங்கள் புல்மேட்டில் விடியும்போது உறைபனி வெள்ளையாகக் கிடக்கும். ஊர் ஆண்கள் ஸ்வெட்டர், கோட்டு, பேண்ட், காதையும் தாடையையும் சேர்த்து மூடுகிற குல்லா எல்லாம் போட்டுக்கொண்டு போனார்கள். டைரக்டர் பார்த்துவிட்டுச் சிரித்தார். "இதெல்லாம் கழட்டச் சொல்லுங்க. பாரசீகன்னா பார்த்ததும் பயம் வரணும், அருவருப்பு வரணும்" என்றார். எங்கள் ஆட்களுக்கு உடம்பெல்லாம் கரியும் எண்ணெயும் பூசினார்கள். கண்ணுக்குக் கட்டியாக மை. மூக்கிலிருந்து காதுவரை ஒரு தகரச் சங்கிலி. யவனப் பையன்களும் சட்டையில்லாமல்தான் நின்றார்கள், ஆனால் 'கட்' என்றதும் அவர்களுக்குக் கம்பளி ஓடி வந்தது. எங்களுக்குப் போர்த்தினால் கரி ஒட்டிக்கொள்ளும் என்று சொல்லிவிட்டார்கள்.

அப்பாவுக்கு அறுபது நெருங்கியிருந்தது. ஊருக்காகப் பேசுகிறவர் அவர்தான். காட்டுமாடு பூண்டுக் காட்டில் இறங்கினாலும், மழையில் ரோடு சரிந்தாலும், பஸ் வராமல் போனாலும், எந்த ஆபீஸாக இருந்தாலும் ஊர் சார்பாக எழுந்து நிற்பவர் அவர். கனத்த குரல். அதட்ட மாட்டார், கெஞ்சவும் மாட்டார். அவர் பேசும்போது அதிகாரிகள் செல்போனைக் கவிழ்த்து வைத்துவிட்டுக் கேட்பதை நானே பார்த்திருக்கிறேன்.

சரிவுக்கு அந்தப்பக்கம் மாடு மேய்த்துக்கொண்டிருந்த ஒருவரை அவர் இங்கிருந்தே கூப்பிட்டதை டைரக்டர் கேட்டுவிட்டார். நேராக வந்து, "பாரசீகத் தளபதி நீங்கதான் பெரியவரே" என்றார். கதாநாயகனைச் சண்டைக்கு அழைக்கிற வசனத்தைக் கொடுத்தார்கள். அன்று ராத்திரி சாப்பிடும்போதுகூட அப்பா அதைச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தார். மறுநாள் கேமரா முன்னால் நின்று அதைச் சொன்னபோது கட்டுடம்புப் பையன்கள்கூடக் கை தட்டினார்கள். அப்பாவுக்கு முகமெல்லாம் பூரிப்பு.

அதற்கடுத்த நாள்தான் இன்னொரு காட்சி இருப்பதாகச் சொன்னார்கள். தோற்றுப்போன தளபதி புல்லில் தவழ்ந்து வந்து கதாநாயகனின் காலைப் பிடிக்க வேண்டும், அவன் வாளால் வெட்டுவான்.

"நிண்டுக்கிட்டே தோத்தா ஆகாதுங்களா?" என்று அப்பா கேட்டார்.

"பாரசீகன் எல்லாம் தவழ்றவங்கதான் பெரியவரே. அவங்க ராஜா முன்னாடி அப்படித்தான் கிடப்பாங்க. ஹிஸ்டரி" என்றார் டைரக்டர்.

நடிக்கிறேன் என்று வாக்குக் கொடுத்தாகிவிட்டது, அப்பா தவழ்ந்தார். காற்றில் கதாநாயகனின் முடி கலைந்துவிட்டது என்று திரும்பவும் தவழச் சொன்னார்கள். வெளிச்சம் மாறிவிட்டது என்று இன்னொரு முறை. முழங்காலில் தோல் உரிந்து கரியோடு ரத்தம் தெரிந்தது. உதவி டைரக்டர் ஒருவன், "பெரியவர் நல்லாத் தவழ்றாரு, பழக்கம்போல" என்றான். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். நான் ஜீப்பில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். வண்டியை எடுத்து அந்தக் கேமராமேல் ஏற்றியிருக்க வேண்டும் என்று இன்றைக்கும் தோன்றும்.

படம் வந்தபோது ஊரே வேன் பிடித்துப் பழனிக்குப் போனது. திரையில் அப்பா வந்ததும் எங்கள் ஆட்கள் விசிலடித்தார்கள். அவர் வாயைத் திறந்தார். வந்தது வேறு எவனுடைய குரலோ. மூக்கால் பேசுகிற கீச்சுக் குரல். தியேட்டரே குலுங்கிச் சிரித்தது. தவழும்போது அந்தக் கீச்சுக் குரல் "ஐயோ சாமி, ஐயோ சாமி" என்று அழுதது. எங்கள் வேனில் வந்தவர்களிலும் சிலர் சிரித்தார்கள். யார் யார் என்று எனக்குத் தெரியும்.

அப்பா வேனில் ஜன்னலோரம் உட்கார்ந்து வந்தார். "டப்பிங்காம். அதுக்குன்னு ஆளு வச்சிருப்பாங்கபோல" என்று மட்டும் சொன்னார்.

ஒரு மாதம் கழித்து மேல்மலை ஊர்கள் சேர்ந்து ஒரு கூட்டம் போட்டன. காலைப் பஸ்ஸின் நேரத்தை மாற்றிவிட்டார்கள், பிள்ளைகள் பள்ளிக்கூடத்துக்குப் பிந்திப் போகிறார்கள் என்று பேச வேண்டும். அப்பா எழுந்தார். பின்வரிசையில் வேறு ஊர்க்காரன் ஒருவன் அதே கீச்சுக் குரலில் "ஐயோ சாமி" என்றான். கூட்டம் சிரித்தது. அப்பா அவனைப் பார்த்தார், பிறகு உட்கார்ந்துவிட்டார். அதற்குப் பின் எந்தக் கூட்டத்துக்கும் போகவில்லை. "தொண்டை சரியில்லப்பா, வேற ஆளை அனுப்புங்க" என்பார். போன ஆட்கள் தலையைச் சொறிந்துவிட்டுத் திரும்பி வந்தார்கள். பஸ் மாறிய நேரத்திலேயே ஓடியது. வீட்டிலும் பேச்சு குறைந்துவிட்டது. என் அப்பாவின் குரலை அந்தப் படம் எடுத்துக்கொண்டு போய்விட்டது, அதை எப்படித் திருப்பி வாங்குவது என்பதுதான் எனக்கு அப்புறம் ஒரே சோலியாக இருந்தது.

என்னென்னவோ நினைத்தேன். சென்னைக்குப் போய் டைரக்டரின் கார்க் கண்ணாடியை உடைக்கலாம். அந்த உதவி டைரக்டரைத் தேடிப் பிடித்துத் தார் ரோட்டில் தவழ வைக்கலாம். சவாரி இல்லாத நேரத்தில் ஜீப்பில் சாய்ந்துகொண்டு செல்போனில் பாரசீகர் வருகிற படங்களாகத் தேடிப் பார்க்க ஆரம்பித்தேன். எந்த நாட்டுப் படமாக இருந்தாலும் பாரசீகன் ஒரே அச்சுதான். கண்ணில் மை, கை நிறைய நகை, ஒரு காரணமும் இல்லாத சிரிப்பு. எதிராளி சாகும்போது நிதானமாகக் கடைசி வார்த்தை பேசுவான், மனைவியை நினைத்துக்கொள்வான். பாரசீகன் கூட்டமாக வந்து கூட்டமாகச் சாவான். அவனுக்கும் வீட்டில் ஒருத்தி காத்திருப்பாள், காட்டில் பயிர் நிற்கும் என்று ஒரு கேமராவும் நினைத்ததாகத் தெரியவில்லை.

அப்படித் தேடும்போதுதான் அந்தக் காலத்துப் பாரசீகர்கள் தங்கள் அரண்மனைச் சுவரில் செதுக்கி வைத்த சிற்பங்களின் படங்கள் கிடைத்தன. முதலில் சிரிப்பு வந்தது, அப்புறம் ஆத்திரம் வந்தது. பேண்ட் போட்ட ஆட்கள். முழுக்கைக் கோட்டு. காதையும் தாடையையும் மூடுகிற குல்லா. மார்கழியில் வெள்ளனே கொடைக்கானல் பஸ் ஸ்டாண்டில் முதல் பஸ்ஸுக்கு நிற்கிற எங்கள் ஆட்களேதான். கிடா, துணி, பாத்திரம் என்று அவரவர் கொண்டுவந்ததை வைத்துக்கொண்டு வரிசையாகப் போகிறார்கள். முன்னால் போகிறவர் பின்னால் வருகிறவரின் கையைப் பிடித்து அழைத்துப் போகிறார். ஒவ்வொரு படத்தையும் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தேன். அந்த வரிசையில் ஒருவன்கூடத் தவழவில்லை. நாங்கள் போட்டுக்கொண்டு போன உடுப்பைக் கழற்றாமல் விட்டிருந்தாலே பாரசீகர்களாக இருந்திருப்போம்.

ஊர்த் திருவிழா வந்தது. அந்தப் படத்தைத் திரைகட்டிப் போட வேண்டும், நம்ம ஊர் ஆட்கள் நடித்ததாயிற்றே என்று இளவட்டங்கள் கேட்டார்கள். மைக்செட்டுக்கு அந்த வருஷம் நான்தான் பொறுப்பு. படம் போடலாம், ஆனால் சத்தத்தை நான் பார்த்துக்கொள்கிறேன் என்றேன். பாரசீகப் படையில் செத்தவர்களை எல்லாம் தனியாகக் கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னேன். படத்தின் சத்தத்தை அடைத்துவிட்டு மைக்கில் நாமே பேசப்போகிறோம். செத்தவர்கள் அத்தனை பேரும் சம்மதித்தார்கள். கதாநாயகனுக்குக் குரல் கொடுக்க என் அத்தையை, அப்பாவின் தங்கையை, வைத்தேன். குளிரில் பல் அடிக்கிற மாதிரி பேச வேண்டும் என்றேன். அத்தைக்கு அதற்குமேல் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. அவரும் பழனித் தியேட்டரில் இருந்தவர். அப்பாவிடம் மட்டும் யாரும் சொல்லவில்லை. தளபதிக்கு நான் பேசுவதாக ஏற்பாடு. கதாநாயகன் குடும்பத்தையே இழுத்து நல்ல வசவாக எழுதி மனப்பாடம் செய்து வைத்திருந்தேன்.

பொழுது சாய்ந்ததும் படம் ஓடியது. திரையில் கரி பூசிய பாரசீகர்கள் ஈட்டியோடு கத்திக்கொண்டு ஓடிவந்தார்கள். மைக்கில் எங்கள் ஆட்கள், "ஏலே தம்பி, ஓடாத, நில்லு. சட்டையில்லாம வந்துட்டியாம்ல. எங்க ராசா கம்பளி குடுத்து விட்டுருக்காரு. வெரசா வாங்கிக்க" என்றார்கள். கதாநாயகன் நெஞ்சை நிமிர்த்தி வாளைச் சுழற்றினான். அத்தை பல் கிட்ட, "வே... வேணாங்க. ஒடம்பைக் காட்டணும்னு சொல்லித்தான் கூட்டியாந்தாங்க. மூடுனா வையுவாங்க" என்றார். ஊர் விழுந்து விழுந்து சிரித்தது. வெட்டுப்பட்டு விழுந்த ஒவ்வொருவனும், "கம்பளி குடுக்க வந்தவனையா வெட்டுற, நீ நல்லாருப்பியா" என்று கேட்டுவிட்டே செத்தான். பழனித் தியேட்டரில் சிரித்த எங்கள் ஊர்க்காரர்களை நான் ஒவ்வொருவராகப் பார்த்தேன். இப்போது எங்கே பார்ப்பது என்று தெரியாமல் உட்கார்ந்திருந்தார்கள். எனக்குக் குளுகுளுவென்று இருந்தது.

தளபதி திரையில் வந்தார். நான் மைக்கை வாயருகே கொண்டுபோனேன். யாரோ என் தோளைத் தொட்டார்கள். அப்பா. கூட்டத்திலிருந்து எழுந்து வந்திருந்தார். மைக்குக்குக் கையை நீட்டினார். மைக்கைக் கொடுத்துவிட்டேன்.

சண்டைக்கு அழைக்கிற வசனம் அவருக்கு மறக்கவேயில்லை. முன்பு எழுதிக்கொடுத்த அதே வார்த்தைகளை அவருடைய சொந்தக் குரலில் சொன்னார். ஸ்பீக்கர் அதிர்ந்தது. சிரிப்பு நின்றுவிட்டது.

பிறகு அந்தக் காட்சி வந்தது. திரையில் அப்பா தவழ்ந்தார். மைக்கைப் பிடித்திருந்த அப்பா திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். புல், முழங்கால், கை, மறுபடியும் முழங்கால். திரையில் தவழ்ந்தவர் கதாநாயகனின் காலடிக்குப் போய்க் கையை நீட்டியபோது அப்பா மெதுவாகச் சொன்னார்.

"அசையாம நில்லு தம்பி. கால்ல முள்ளு ஏறிக் கெடக்கு. எடுத்து விட்டுட்டுப் போயிர்றேன்."

கதாநாயகன் வாளை ஓங்கி வெட்டினான். தளபதியின் தலை புல்லில் உருண்டது.

"பாத்துக்கங்க. முள்ளு எடுத்து விட்டவனத்தான் வெட்டுறான்" என்றார் அப்பா. மைக்கை என்னிடம் கொடுத்துவிட்டுப் போய்த் தன் இடத்தில் உட்கார்ந்தார். நான் எழுதி வைத்திருந்த வசவு ஒன்றுக்கும் உதவவில்லை.

யாரோ அதைச் செல்போனில் எடுத்திருந்தார்கள். யார் என்று நான் கேட்கவில்லை, நெட்டில் போடாதே என்றும் சொல்லவில்லை. ஒரு வாரத்தில் சென்னையிலிருந்தெல்லாம் சொந்தக்காரர்கள் கூப்பிட்டுச் சிரித்தார்கள். படத்தைப் பார்க்காதவர்களும் அதைப் பார்த்தார்கள். மே மாதம் கதாநாயகனாக நடித்த அந்த நடிகர் குடும்பத்தோடு கொடைக்கானலுக்கு ஓய்வெடுக்க வந்தார். ஏரிக்கரையில் கார் நின்றதும் சைக்கிள் வாடகைக்கு விடுகிற பையன்களும் சோளம் விற்கிறவர்களும் சுற்றுலா வந்த பெண்களும் ஆளுக்கொரு ஸ்வெட்டரைத் தூக்கிக்கொண்டு போய், "குளிருதுங்களா சார்" என்று நீட்டினார்களாம். ஒரு கம்பளிக் கடைக்காரர் காருக்குப் பின்னாலேயே ஓடியிருக்கிறார். மறுநாளே நடிகர் குடும்பம் மலையிறங்கிவிட்டது. அதைக் கேட்ட அன்று எனக்குச் சாப்பாடு ருசித்தது.

அப்பா திரும்பவும் கூட்டங்களுக்குப் போனார். பஸ் பழைய நேரத்துக்கு வந்தது.

கொஞ்ச நாளில் ஒரு போன் வந்தது. நடிகரின் மேனேஜர். மிகவும் மரியாதையாகப் பேசினார். "சார் ரொம்ப மனசு கஷ்டப்படறாருங்க. வெளிய தலைகாட்ட முடியல. எங்க போனாலும் அந்தப் பல்லடிக்கிற குரல்லயே கூப்பிடறாங்க. ஒருத்தர் வாயில வேற ஒருத்தர் குரலை வைக்கலாங்களா? ஒரு வார்த்தை கேட்டிருக்க வேண்டாமா?"

இப்படி ஒருவன் என்னிடம் கேட்பான் என்று நான் கனவிலும் நினைக்கவில்லை. அப்பா முற்றத்தில் விதைப்பூண்டு பிரித்துக்கொண்டிருந்தார். ஸ்பீக்கரைப் போட்டு அவர் முன்னால் போனை வைத்தேன். "இப்ப சொன்னதை இன்னொரு தடவை சொல்லுங்க சார்" என்றேன். மேனேஜர் ஒரு வார்த்தை விடாமல் திரும்பச் சொன்னார்.

அப்பா பூண்டைக் கீழே வைத்தார்.

"நீங்க சொல்றது வாஸ்தவந்தாங்க. ஒருத்தர் வாயில இன்னொருத்தர் கொரலை வைக்கிறது தப்பு. அது எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும். நாங்க செஞ்சது தப்புதான்."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அந்தப் பக்கம் பெருமூச்சு கேட்டது.

"ரொம்ப நன்றிங்க பெரியவரே. அப்ப அந்த வீடியோவை எடுத்துடறீங்களா?"

"எடுக்க மாட்டோம்" என்றார் அப்பா.