ஒரு மூச்சுக் கல்

வெள்ளைக்காரன் ஆண்ட நாளில், மன்னார்க் கரையில் வானக் கப்பல்கள் இறங்கிக் கறுப்புக் கல் ஏற்றிப் போகும். அது பக்கத்தில் இருந்தால் வருடக்கணக்கான பயணம் ஒரே மூச்சில் கழிந்துவிடுமாம். நட்சத்திரம் தாண்டுகிறவனுக்கு அது வேண்டும். முத்துக் குளிக்கிற எனக்கு எதற்கு அந்த நாசமாய்ப்போன கல்? ஆனால் கல்லைக் கண்டால் காலில் கட்டி மூழ்கத்தான் எங்களுக்குத் தெரியும். நல்ல கனம். கட்டினேன்.

கயிற்றை மச்சான் பிடித்தான். தங்கையை விதவையாக்க மாட்டான் என்று, மனைவியின் அண்ணனை நம்பித்தான் நாங்கள் கடலில் இறங்குவோம்.

ஒரே மூச்சில் மேலே வந்தேன். மச்சானின் தலை பஞ்சாய் நரைத்திருந்தது.

“உன்ர தங்கச்சி எங்கை?” என்றேன்.

“நான் கயித்தை விடேல்லை, மச்சான். அவளைத்தான் போன மாரியில அடக்கம் செய்தம்.”

அவளுக்கென்று எடுத்த சிப்பி என் கையில் இன்னும் உயிரோடு இருந்தது.