குதிரைக் கட்டத்தில் வைத்த குதிரை

குறுக்குத்துறை ஆற்று மணல் சன்னமானது. எழுதி முடித்த தாளில் ஒரு சிட்டிகை தூவினால் மை சட்டென்று உலரும். கால்வாய் ஆபீஸ் குமாஸ்தா ஆசீர்வாதம் அதை ஒரு தேங்காய்ச் சிரட்டையில் வைத்திருப்பார். தாளைச் சாய்த்து மணலைத் திரும்பக் கொட்டும்போது ஒரு சரசரப்பு வரும்... இத்தனை வருஷம் கழித்தும் அது காதில் இருக்கிறது.

முதல் யுத்தத்துக்கு இரண்டு வருஷம் முந்திய கோடை. எனக்கு இருபத்திரண்டு வயது. திருநெல்வேலியில் ஒரு வாரப் பத்திரிகைக்குச் செய்தி எழுதிக்கொண்டிருந்தேன். ஆசீர்வாதம் என்னைவிட ஆறு வயது மூத்தவர். மத்தியானம் சோற்றுச் சட்டியைக் கழுவி வைத்ததும் சதுரங்கப் பலகையை விரிப்பார். வள்ளியூர், ராதாபுரம் பக்கமிருந்து மனுக் கொடுக்க வருகிற ஆட்டக்காரர்கள் அவரிடம் தோற்றுவிட்டுத்தான் வண்டி ஏறுவார்கள்.

அந்தக் கோடையில் அணைக்கட்டுகளைப் பார்வையிட ஒரு வெள்ளைக்கார எஞ்சினியர் வந்து முகாமிட்டார். அவரும் சதுரங்கப் பிரியர். சென்னைப் பட்டணத்தில் பெரிய ஆட்டக்காரர்கள் கூடும் போட்டி ஒன்று வரப்போகிறது, அதற்குத் தெற்கு ஜில்லாக்களிலிருந்து ஒருவரை அனுப்பும் பொறுப்பு தன்னுடையது என்றார். ஒரே ஆட்டத்தில் தன்னை வென்றால் ஆசீர்வாதத்தை அனுப்புவதாகச் சொன்னார். ஆனால் ஆட்டம் இங்கிலீஷ் முறையில் நடக்கும்.

"பட்டணத்துல ஜெயிச்சா சீமைக்கே கூப்பிடுவாவளாம்" என்றார் ஆசீர்வாதம். "கடுதாசி நகல் எடுத்தே சாவணும்னு தலையில எழுதியிருக்கா, இல்லையான்னு பாத்துருவோம்."

"குமாஸ்தா சீமைக்குப் போயிட்டா ஆத்து மணலு அள்ளுத வேலை எனக்கு இல்லாமப் போவும்லா" என்றான் ஆபீஸ் சேவகன் மாடசாமி.

துரை ஒரு சிறு விதிப் புத்தகத்தை இரண்டு நாள் இரவல் கொடுத்தார். ஆசீர்வாதம் இங்கிலீஷை முத்துமுத்தாக நகலெடுப்பார். ஆனால் வாசித்துப் பொருள் காண்பது கஷ்டம். புத்தகம் என்னிடம் வந்தது.

"நீரு பத்திரிகைக்காரரு, ஒரு எழுத்து பிசகாது. நம்ம ஆட்டத்துக்கும் அவங்க ஆட்டத்துக்கும் என்னென்ன வித்தியாசம்னு மட்டும் தமிழ்ல எழுதித் தாரும் வே. பையவே எழுதும்."

எழுதினேன். நம் முறையில் சிப்பாய்க்கு முதல் அடி ஒரு கட்டம். அவர்கள் இரண்டு கட்டம் போகலாம். நம் ராஜா ஒரே ஒரு முறை குதிரை மாதிரி தாவலாம்; அவர்கள் ராஜாவுக்குத் தாவல் இல்லை, யானையோடு இடம் மாறலாம். இப்படியே போனது. எதிரியின் கடைசி வரிசையை எட்டிய சிப்பாய் பெரிய காயாகும் என்பது இரண்டிலும் உண்டு. வித்தியாசம் இல்லை என்று தாண்டிவிட்டேன்.

வித்தியாசம் இருந்தது. நம் வழக்கத்தில், ஆட்டத் தொடக்கத்தில் எந்தக் காய் நிற்கும் கட்டத்துக்குச் சிப்பாய் போய்ச் சேர்கிறதோ அந்தக் காய்தான் ஆகும். அவர்கள் முறையில் ஆடுகிறவர் கேட்கிற காய்; எல்லாவற்றிலும் பலமான மந்திரியையே, அவர்கள் ராணி என்பதையே, கேட்கலாம்.

மூன்று வாரம் என்னோடு ஆடிப் பழகினார். என்னைப் பாதி ஆட்டத்திலேயே முடித்துவிடுவார். சிப்பாய் கடைசி வரிசைக்குப் போகிற வேளையே வரவில்லை.

ஒரு சனிக்கிழமை காலை, ஆற்றோரத்து முகாம் பங்களாவில் ஆட்டம். மொழிபெயர்க்க நான் பக்கத்தில் இருந்தேன். இரண்டு மணி நேரத்தில் பலகை காலியாகி, ஆளுக்கு இரண்டு மூன்று சிப்பாய்களும் ராஜாவும்தான் மிச்சம். துரையின் சிப்பாய் கடைசி வரிசைக்கு இரண்டடி தூரத்தில் நின்றது. ஆசீர்வாதத்தின் சிப்பாய் முந்திக்கொண்டு கடைசி வரிசையை எட்டியது. இனி ஒரு மந்திரி வந்தால் ஆட்டம் அவருடையது.

அவர் வெளியே கிடந்த குதிரையை எடுத்து அந்தக் கட்டத்தில் வைத்தார்.

துரை பலகையைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். ஏன் மந்திரி வேண்டாம் என்று கேட்டார். நான் தமிழில் சொன்னேன்.

"அது குதிரைக் கட்டம்லா. குதிரைதான வரும்?"

அந்தப் பதிலை இங்கிலீஷில் சொன்னபோதே துரைக்கு விஷயம் புரிந்துவிட்டது. நல்ல மனிதர். விதி தெரியாமல் வைத்துவிட்டார், மாற்றிக்கொள்ளச் சொல் என்றார்.

சொன்னேன். ஆசீர்வாதம் என் முகத்தைப் பார்த்தார். நான் எழுதிக் கொடுத்த தாளைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை.

"வச்ச காய எடுக்கது நம்ம ஊருல கிடையாதுன்னு துரைகிட்ட சொல்லும்."

"அண்ணாச்சி, அவரே சொல்லுதாரு. எடுத்துருங்க."

"எடுத்து ஜெயிச்சா, பட்டணத்துக்குப் போறது நானா, துரையோட தயவா? சொல்லும் வே."

அதை மட்டும் ஒரு சொல் விடாமல் மொழிபெயர்த்தேன். கூடவே, பிசகு இவருடையது அல்ல, என்னுடையது என்று சொல்லியிருக்கலாம். இங்கிலீஷில் நாலு வார்த்தை. வாய் வரவில்லை. இரண்டு அடியில் துரைக்கு மந்திரி வந்தது. அதன்பின் அதிக நேரம் ஆகவில்லை.

பட்டணத்துக்கு மதுரைக்காரர் ஒருவர் போனார்.

மறு வாரம் கால்வாய் ஆபீசுக்குப் போயிருந்தேன். எழுதுகிற தாளிலிருந்து தலை நிமிராமல் ஆசீர்வாதம் கேட்டார்:

"அந்தப் புஸ்தகத்துல வேற ஏதும் விட்டுப் போச்சா வே?"

"இல்ல அண்ணாச்சி. அது ஒண்ணுதான்."

"அப்போ சரி."

அதற்குப் பிறகு அவர் இங்கிலீஷ் முறையில் ஆடவில்லை. யுத்தம் முடிந்த வருஷம் ஊர் ஊராக வந்த விஷக்காய்ச்சலில் போய்விட்டார். அதுவரை அதே நாற்காலி, அதே நகல் வேலை.

இப்போது நான் வேலை பார்க்கிற பத்திரிகைக்கு வெளிநாட்டுச் சதுரங்கச் செய்திகள் தந்தியில் வருகின்றன. கிராண்ட்மாஸ்டர் என்று பட்டமே கொடுக்கிறார்கள். யார் எந்த ஊரில் யாரை வென்றார், எத்தனை வயதில் பட்டம் பெற்றார் என்றெல்லாம் வருகிறது. விதிகள் உலகம் முழுக்க ஒன்றாகிவிட்டன. அச்சுக்குப் போகுமுன் இளைஞர்கள் அந்தத் தாள்களை என்னிடம் கொண்டுவருகிறார்கள். என் கண்ணுக்குப் பிசகு தப்பாது என்று பெயர்.

ஆசீர்வாதத்தின் பெயர் அச்சில் வந்தது ஒரே தடவை. எங்கள் வாரப் பத்திரிகையில், நான் எழுதிய இரண்டு வரிச் செய்தி. முகாம் பங்களாவில் நடந்த சதுரங்க ஆட்டத்தில் எஞ்சினியர் துரை வென்றார்; கால்வாய் ஆபீஸ் குமாஸ்தா ஆசீர்வாதம் தோற்றார்.

அந்தச் செய்தியில் பிழை ஒன்றும் இல்லை.