வியாழக்கிழமை மூன்று மணி

மந்திரமூர்த்தி அண்ணாச்சியைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை சொல்லச் சொன்னால் என்னால் ஆகாது. விக்கிரமசிங்கபுரம் மில்லில் இருபது வருஷ வேலை, கோயில் கொடைத் திருவிழாக் கமிட்டியில் செயலாளர். வாயைத் திறந்தால் ஒழுக்கம்தான். எங்கள் தியேட்டரில் காலைக்காட்சிக்கு வெளிநாட்டுப் படம் வந்தால், போஸ்டரைக் கிழிக்கச் சொல்லிப் போலீசுக்கு மனுக் கொடுப்பவர் அவர்தான். தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு கடைசி வரிசையில் வந்து உட்காருபவரும் அவரேதான். நான் அங்கே படம் ஓட்டும் ஆபரேட்டர். என் அறையின் ஓட்டை வழியாகப் பார்த்தால் எந்தத் துண்டுக்குள் எந்தத் தலை என்று தெரிந்துவிடும்.

தொண்ணூற்று நாலில் ஒரு பிரெஞ்சுப் படம் வந்தது. போஸ்டரில் ‘கணவன் ஊரில் இல்லாதபோது’ என்று முதலாளியே பெயர் வைத்தார். வியாழக்கிழமைதோறும் மூன்று மணிக்கு ஒருத்தி பவுடர் பூசிக்கொண்டு எவனையோ பார்க்கப் போவாள். புருஷன் பின்னாலேயே போவான். கடைசியில் அந்தப் புருஷனைத்தான் போலீஸ் பிடித்துக்கொண்டு போகும். அதைப் பார்க்கத் தியேட்டரில் ஆள் இருக்காது. படுக்கையறைக் காட்சி முடிந்ததும் எல்லாரும் எழுந்துவிடுவார்கள். அண்ணாச்சி, கமிட்டி வேலை என்று வீட்டில் சொல்லிவிட்டு நாலு நாள் வந்தார். நாலு நாளும் பாதியில் போனார்.

நைட் ஷிப்ட் முடித்தவர் மத்தியானம் தூங்குவது வழக்கம். அந்த வியாழக்கிழமை கண்ணை மூடியபடி விழித்துக் கிடந்தார். மூன்று மணிக்கு அவர் மனைவி செல்லக்கிளி, சுற்றிய பீடியைக் கட்டி வைத்துவிட்டு, முகம் கழுவி, பவுடர் பூசிக்கொண்டு கிளம்பினாள். இவர் பின்னாலேயே போனார். பாதிப் படம் பார்த்தவனுக்குப் புத்தியும் பாதிதானே.

அவள் நுழைந்தது ஜெபராணி டீச்சர் வீடு. கதவை எட்டி உதைத்தார். உள்ளே எழுதப் படிக்கச் சொல்லித்தரும் அறிவொளி வகுப்பு. பன்னிரண்டு பெண்கள் சிலேட்டோடு உட்கார்ந்திருந்தார்கள். என் மனைவியும் அதில் ஒருத்தி. அவள் சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

“எவம்லே உள்ள? வியாழக்கிழமை மூணு மணி, பவுடரு... நாலு தடவ படத்துல பாத்தவன்ட்டயா ஏமாத்துத?”

செல்லக்கிளி சிலேட்டைக் கீழே வைக்கவில்லை. “நீங்க கிழிக்கச் சொன்ன போஸ்டருல்லா அது? போன வாரந்தான் எழுத்துக்கூட்டிப் படிச்சேன். கமிட்டி வேலைன்னு அங்கனதான் போனியளோ?”

பெண்கள் சிரித்தார்கள். “இனி இங்க கால் வச்சே, வீட்டுக்குள்ள வரப்பிடாது” என்று கத்தினார்.

“வருவேன். இன்னும் மனு எழுதப் படிக்கல.”

அவள் ஒரு வியாழக்கிழமையும் விடவில்லை. அவர் வீட்டை விட்டுத் துரத்தவுமில்லை. கஞ்சி ஊற்ற வேறு ஆள் வேண்டுமே!

அடுத்த கொடைக்குக் கூட்டம் போட்டபோது, கோயில் வரி கொடுப்பவன் என்ற முறையில் நானும் போயிருந்தேன். வந்த மனுக்களைச் செயலாளர்தான் எல்லார் முன்னாலும் உரக்க வாசிக்க வேண்டும். அண்ணாச்சி, கோணல்மாணலான புதுக் கையெழுத்தில் இருந்த ஒரு மனுவை எடுத்து, கனைத்துக்கொண்டு, “கமிட்டியில் ஒழுக்கமானவர்களே இருக்க வேண்டும்” என்று மணிக்குரலில் ஆரம்பித்தார். தலையை வேறு ஆட்டிக்கொண்டார். மூன்றாவது வரியில், ‘காலைக்காட்சி’ என்ற சொல்லில் குரல் நின்றது.

“மேல வாசியும் வே” என்றார் தலைவர்.