தந்தியின் கடைசி நாலு சொற்கள்

இந்த நாட்டில் குளிர்காலத்தில் பெட்பானைச் சூடாக்கித்தான் நோயாளிக்குக் கொடுக்க வேண்டும். சுடுதண்ணீர்க் குழாயின் கீழே பிடித்து, ஈரமில்லாமல் துடைத்து, மணிக்கட்டின் உட்பக்கத்தை அதில் வைத்துப் பார்த்து, மேலே ஒரு துணியைப் போட்டு மூடிக்கொண்டு வார்டுக்குள் போக வேண்டும். இங்கிலாந்துக்கு வந்த முதல் வாரத்தில் நான் படித்த பாடம் இதுதான். அதிலும் நான் முதல் தடவை பெயில். வார்டுக்குப் பொறுப்பான சிஸ்டர் என் கையிலிருந்த பெட்பானைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "இதில் உன்னை இருத்தினால் நீ என்ன சொல்லுவாய், நேர்ஸ்?" என்று கேட்டுத் திருப்பி அனுப்பினாள். எனக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. நெடுந்தீவில் எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகப் பள்ளிக்கூடம் போனவள் நான். விலங்கியலில் பாடசாலைக்கே முதலாவதாக வந்தவள். அப்படிப்பட்டவள் ஒரு மலச்சட்டியின் சூட்டில் பிழை விட்டேன் என்று யாருக்கு எழுதுவது?

ஒருவருக்கும் எழுதவில்லை. என் கரைச்சல்கள் எல்லாம் அங்கேதான் தொடங்கின.

ஊரில் இருந்து இதை வாசிக்கிறவர்களுக்கு ஒன்றைச் சொல்ல வேண்டும். நான் டொக்டர் இல்லை. நான் டொக்டருக்குப் படிக்கவும் இல்லை. மருத்துவபீடத்துக்கு எனக்குப் புள்ளி காணாது. அது தமிழ்ப் பிள்ளைகளிடம் கூடப் புள்ளி கேட்ட தரப்படுத்தல் வந்த காலம் என்பதால் எங்கள் ஆட்கள் அதைச் சொல்லி என்னை ஆறுதற்படுத்தினார்கள். நானும் அதைச் சொல்லிக்கொண்டு திரிந்தேன். பழைய முறை இருந்தாலும் எனக்கு இடம் கிடைத்திருக்குமா என்பது எனக்கே தெரியாது. இங்குள்ள ஆஸ்பத்திரி ஒன்று நேர்ஸ் பயிற்சிக்கு ஆள் எடுக்கிறதென்று அறிந்து விண்ணப்பித்தேன், வந்தேன். இதை நான் ஊரில் தெளிவாகச் சொல்லித்தான் புறப்பட்டேன். ஆனால் மறுகரையான குறிகாட்டுவானில் லாஞ்சை விட்டு இறங்குவதற்கு முன்பே, என்னை வழியனுப்ப வந்த என் தகப்பன், ஐயா, பக்கத்திலிருந்தவரிடம், "மூத்தவள் லண்டனுக்கு டொக்டருக்குப் படிக்கப் போறாள்" என்று சொன்னதை நான் என் காதால் கேட்டேன். காற்றுப் பலமாக இருந்ததால் கேட்காதது போல இருந்துவிட்டேன்.

பிறகு அந்தப் படம். என்னோடு படித்த அயர்லாந்துக்காரி மோரீன் ஒரு புதுக் கமெராவை வைத்துக்கொண்டு கண்டதையெல்லாம் எடுத்துக்கொண்டிருந்தாள். வார்டு வாசலில் யாரோ ஒரு டொக்டரின் வெள்ளைக் கோட் கொளுவியில் தொங்கியது. பொக்கற்றுக்குள் ஸ்டெதஸ்கோப். "போடு, போடு, சிஸ்டர் வரமுதல் போடு" என்று மோரீன் சிரித்தாள். போட்டேன். ஒரு விளையாட்டு. ஆனால் அந்தப் படத்தை வீட்டுக்கு அனுப்பியது விளையாட்டு இல்லை. படத்தின் பின்னால் மாதத்தையும் ஊரையும் மட்டும் எழுதினேன். "இது என்னுடைய கோட் இல்லை" என்று எழுத அதில் தாராளமாக இடம் இருந்தது.

ஐயா அந்தப் படத்தை யாழ்ப்பாணத்துக்குக் கொண்டுபோய்ப் பெரிதாக்கி, நிறம் தீட்டி, கண்ணாடி போட்டு விறாந்தையில் மாட்டினார். மாட்டோடும் பனையோடும் வாழ்ந்த மனிதன். தமிழை எழுத்துக் கூட்டித்தான் வாசிப்பார். அவருக்கு அந்தப் படம் எவ்வளவு பெரியது என்று எனக்கு விளங்காமலில்லை. ஆனால் எரிச்சல் எரிச்சல்தான். ஏனென்றால் அதற்குப் பிறகு எனக்கு வந்த கடிதங்கள் எல்லாம் வருத்தக்காரர்களின் கடிதங்கள். ஒருவருக்கு மூட்டு உளைவு. ஒருத்திக்குத் தலைச்சுற்று. இன்னொருவருக்கு மருமகளைக் கண்டால் நெஞ்சு படபடக்கிறது. இருபத்திரண்டு வயதுப் பயிற்சி நேர்ஸ் நான், வார்டில் பூச்சாடித் தண்ணீர் மாற்றுவதற்கும் அனுமதி கேட்கிறவள், அவர்களுக்கெல்லாம் மறுமொழி எழுதினேன். உப்பைக் குறையுங்கோ, நேரத்துக்குப் படுங்கோ, ஆஸ்பத்திரியில் காட்டுங்கோ. பிழையாக ஒன்றும் எழுதவில்லை. ஆனால் எழுதும்போது முதுகு கொஞ்சம் நிமிர்ந்துதான் இருந்தது, அதை மறைக்க மாட்டேன்.

இங்கே உள்ளவர்களும் இந்த விஷயத்தில் எங்களுக்குக் குறைந்தவர்கள் இல்லை. என் வார்டில் மிஸிஸ் டார்பி என்றொரு வயோதிப மாது இருந்தாள். சீனி வருத்தம், காலில் ஆறாத புண். ஒருநாள் நான் அவளுடைய காலைக் கழுவிக்கொண்டிருக்கும்போது, "உன் தகப்பன் என்ன செய்கிறார்?" என்று கேட்டாள். "காணி இருக்கிறது, மாடுகள் இருக்கின்றன, குதிரைகளும் எங்கள் பக்கம் திரியும்" என்று எனக்குத் தெரிந்த இங்கிலிஷில் சொன்னேன். எங்கள் தீவில் குதிரைகள் ஆளில்லாமல் வெளியில் திரிகிறவை என்று சொல்ல வந்தேன், அதற்குள் சிஸ்டர் கூப்பிட்டுவிட்டாள். பின்னேரம் வார்டு முழுவதும் என்னைப் பார்த்த பார்வை வேறு. "குதிரை வளர்க்கிற சீமான் வீட்டுப் பெண், பார், எங்கள் காலைக் கழுவுகிறாள்" என்று மிஸிஸ் டார்பி எல்லோருக்கும் சொல்லிவிட்டாள். எங்கள் வீட்டில் ஐந்து மாடு, அதில் இரண்டு கிழடு. அதையும் நான் திருத்தவில்லை. சிஸ்டர் மட்டும் அன்றைக்கும் மிஸிஸ் டார்பியின் விரல்களுக்கு இடையில் ஈரம் இருக்கிறதா என்று குனிந்து பார்த்துவிட்டு, "இன்னொரு தடவை துடை" என்றாள். என் தகப்பன் சீமானா, மாட்டுக்காரரா என்பது அவளுக்கு ஒரு பொருட்டே இல்லை. நான் அவளை வெறுத்தேன். ஆனால் மூன்று மாதத்துக்குள், அவள் லீவில் நின்ற நாட்களிலும் நான் இரண்டாம் தடவை துடைத்துக்கொண்டிருந்தேன்.

அந்தக் குளிர்காலத்தின் முடிவில் வீட்டிலிருந்து தடித்த உறை ஒன்று வந்தது. உள்ளே இரண்டு தாள்கள். இரண்டும் தங்கச்சி பூமணியின் எழுத்து. முதலாவது அவளுடையது. ஊர்காவற்றுறையில் இருந்து அவளுக்கு ஒரு சம்பந்தம் வந்திருந்தது. மாப்பிள்ளை அரசாங்கக் கிளாக்கர். வந்து பார்த்துவிட்டுப் போயிருந்தார்கள். "அக்கா, அவையள் உங்கடை படத்தைத்தான் கனநேரம் பாத்தவை. மாப்பிள்ளையின்ரை தாய், டொக்டரின்ரை தங்கச்சியெண்டால் வேறை என்ன விசாரிக்கிறது எண்டு சொல்லிப்போட்டா. எனக்கு அவரைப் பிடிச்சிருக்கு. உங்களைக் கும்பிட்டுக் கேக்கிறன், உங்கடை படிப்பைப் பற்றி ஒருத்தருக்கும் ஒண்டும் எழுதாதேங்கோ. கலியாணம் முடியட்டும்" என்று எழுதியிருந்தாள். பூமணி கெஞ்சுகிறவள் இல்லை. சின்ன வயதில் அடி வாங்கினாலும் கெஞ்சமாட்டாள்.

இரண்டாவது தாள் பக்கத்து வளவு மூத்ததம்பி அண்ணை சொல்லச்சொல்ல அவள் எழுதியது. "பிள்ளை, வேலி கட்டேக்கை கல்லு விழுந்து கால் வெட்டினது ஆறேல்லை. ரெண்டு விரல் கறுத்துப்போச்சு. நோ ஒண்டும் இல்லை. இஞ்சத்தை ஆஸ்பத்திரி அப்போதிக்கரி ஐயா உடனை யாழ்ப்பாணம் போ எண்டு சத்தம் போடுறார். அங்கை போனால் வெட்டிப்போடுவாங்கள். எனக்கு உவங்களிலை நம்பிக்கை இல்லை. எங்கடை ஊர்ப் பிள்ளை, லண்டன் டொக்டர், நீர் சொல்லுறதைத்தான் கேப்பன். உம்மடை மறுமொழி வருமட்டும் நான் லாஞ்சிலை கால் வைக்கமாட்டன்."

விரல் கறுத்திருக்கிறது, வலி தெரியவில்லை. அந்த இரண்டையும் சேர்த்து வாசித்ததும் அது அழுகத் தொடங்கிய கால் என்று எனக்கு விளங்கிவிட்டது. நான் தினமும் கழுவுகிற மிஸிஸ் டார்பியின் காலும் அப்படித்தான் இருந்தது. கடிதம் வந்து சேரப் பதினொரு நாள் எடுத்திருந்தது. என் மறுமொழி போய்ச்சேர இன்னொரு பதினொரு நாள். அவ்வளவுக்கும் அந்த மனிதன் கதிரையில் காலை நீட்டிக்கொண்டு, என்னை நம்பிக் காத்திருக்கப் போகிறார். சிஸ்டரிடம் ஓடினேன். அவள் கேட்டுவிட்டு, "எத்தனை நாளாயிற்று?" என்றாள். சொன்னேன். "தபாற்கந்தோர் இன்னும் பூட்டவில்லை. ஏப்ரனைக் கழற்றாமல் போ" என்றாள்.

போகிற வழியில்தான் யோசித்தேன். ஊர்த் தந்தி எப்படிப் போய்ச் சேரும் என்று எங்கள் தீவார் எல்லோருக்கும் தெரியும். அது இங்கிலிஷில் வரும். எங்கள் வளவுப் பக்கம் இங்கிலிஷ் வாசிக்கத் தெரிந்தவள் நான் ஒருத்திதான், நான் இங்கே நிற்கிறேன். ஆகவே தந்தி கொண்டுவருகிறவர் முதலில் கடைக்குத்தான் போவார். அங்கே யாராவது வாசிப்பார்கள், நாலு பேர் கேட்பார்கள், பிறகுதான் அது ஐயாவின் கைக்கு வரும். தந்தியில் எழுதுவதும் சந்தியில் நின்று சத்தமிடுவதும் அங்கே ஒன்றுதான். "மூத்ததம்பியை இன்றே யாழ்ப்பாணம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள், அங்குள்ள டொக்டர்கள் சொல்வதைக் கேளுங்கள்" என்று மட்டும் அடித்தால் போதும். லண்டன் டொக்டரின் கட்டளை, கட்டாயம் போவார். பூமணியின் கலியாணமும் நடக்கும். நான் பொய் ஒன்றும் சொன்னதாகவும் ஆகாது.

ஆனால் மூத்ததம்பி அண்ணையை எனக்குத் தெரியும். யாழ்ப்பாணத்தில் வெட்டுவதற்குச் சம்மதம் கேட்டுக் கையெழுத்து வாங்க வருவார்கள். அந்த மனிதன், "பொறுங்கோ, லண்டனிலை எங்கடை டொக்டரைக் கேட்டுச் சொல்லுறன்" என்று பேனையைத் திருப்பிக் கொடுப்பார். அங்கேயும் இன்னொரு பதினொரு நாளும் பதினொரு நாளும் காத்திருப்பார். அவர் தப்பினாலும் அவருக்கு அடுத்ததாக இன்னொருத்தர் வருவார். என் கழுத்தில் தொங்கிய அந்த இரவல் ஸ்டெதஸ்கோப் எத்தனை பேரை வீட்டிலேயே இருத்தி வைத்திருக்கிறதோ? படிவத்தின் கடைசியில் இன்னும் நாலு சொல் சேர்த்தேன்.

கவுண்டரில் இருந்த மனிதர் படிவத்தை வாசித்தார். கண்ணாடியை மூக்கில் இறக்கினார்.

"கடைசி நாலு சொல்லும் வேண்டாமே, பெண்ணே. 'ஐ ஆம் நொட் டொக்டர்'. வீட்டு ஆட்களுக்கு அது தெரியும்தானே? வீண் செலவு."

"தெரியாது. அதற்காகத்தான் அனுப்புகிறேன்."

அவர் என் ஏப்ரனைப் பார்த்தார், முகத்தைப் பார்த்தார். குரலைத் தணித்துக்கொண்டு, "பரீட்சையில் தவறிவிட்டாயா? பரவாயில்லை. என் மகனும் இரண்டாம் தரம்தான் பாஸ் பண்ணினான்" என்றார். விளங்கப்படுத்த எனக்கு நேரமும் இல்லை, இங்கிலிஷும் இல்லை. "ஓம்" என்று தமிழில் சொல்லிவிட்டு வந்தேன்.

மிச்சத்தை ஐயா யாரையோ பிடித்து எழுதுவித்த கடிதத்திலிருந்துதான் அறிந்தேன். தந்தி கடையடியில் வாசிக்கப்பட்டது. பாண் வாங்க வரிசையில் நின்ற அத்தனை பேரும் கேட்டார்கள். அடுத்தநாள் காற்றுப் பிடித்துக் கடல் கொந்தளித்தும், மூத்ததம்பி அண்ணையைச் சாக்குக் கட்டிலில் வைத்து லாஞ்சில் ஏற்றினார்கள். இரண்டு விரல் போய்விட்டது. கால் தப்பியது. "நீ செய்தது நல்ல காரியம்தான் பிள்ளை. ஆனால் கடைசியிலை அந்தச் சொல்லை ஏன் போட்டனீ? ஆனாலும் நீ கவலைப்படாதை. டொக்டராயிருக்கிறவள்தான் டொக்டர் இல்லையெண்டு சொல்லுவாள், கண்ணூறு படாமல் இருக்கச் சொல்லியிருக்கிறாள் எண்டுதான் இஞ்சை கனபேர் கதைக்கினம். நானும் அப்படித்தான் சொன்னனான்." இதற்கு மேல் ஒரு மனிதப்பிறவி என்னதான் செய்வது? பச்சையாகத் தந்தியடித்தாலும் நம்பாத சனம்!

ஊர்காவற்றுறைக்காரர் மட்டும் நம்பினார்கள். ஒன்றும் சொல்லியனுப்பவில்லை. வருவதாகச் சொன்ன நாளில் வரவில்லை, அவ்வளவுதான். பூமணியைப் பற்றி விசாரிக்கத் தொடங்கியிருந்தால் அவர்கள் நல்லதைத்தான் கேட்டிருப்பார்கள். ஊரில் யாருக்குக் காய்ச்சல் என்றாலும் கஞ்சி கொண்டு ஓடுகிறவள், வாக்குக் கொடுத்தால் மாறாதவள். அதை விசாரிக்க அவர்களுக்கு நேரம் இருக்கவில்லை. படத்தைப் பார்த்து வந்தார்கள், படம் போனதும் போனார்கள். நான் இதை நூறு தரம் எனக்குச் சொல்லிக்கொண்டேன். ஒரு தரமும் அது பூமணிக்குப் பதிலாகவில்லை. எட்டு மாதம் அவள் எனக்கு ஒரு வரி எழுதவில்லை.

போன கிழமைதான் அவளுடைய கடிதம் வந்தது. எங்கள் நேர்ஸ் விடுதி வாசலில் கடிதங்கள் வைக்கிற தட்டு இருக்கிறது. அதில் என் பெயருக்கு முன்னால் 'நேர்ஸ்' என்று, பேனை தாளைக் கிழிக்கிற அளவுக்கு அழுத்தி எழுதிய உறை. அங்கேயே நின்று உடைத்தேன். "அக்கா, அந்தச் சம்பந்தம் போனது போனதுதான். நீங்கள் செய்தது சரியெண்டு என்னட்டைக் கேக்காதேங்கோ. மூத்ததம்பி அண்ணை பொல்லை ஊண்டிக்கொண்டு எங்கடை வளவுக்குள்ளாலைதான் கடைக்குப் போறார். அவரைக் காணேக்கை எனக்கு உங்களிலை கோவம் வரும். அவர் படலை தாண்டிப் போகுமட்டும் பாத்துக்கொண்டு நிப்பன், பிறகு கொஞ்சம் குறையும். அவ்வளவுதான் இப்போதைக்கு."

விடுதிப் பொறுப்பாளர் தலையை நீட்டி, "மற்றது வழமைபோல அந்தப் பக்கம்" என்றாள். ஐயாவின் கடிதங்கள் மாதாமாதம் முற்றத்துக்கு அப்பால் இருக்கிற டொக்டர்மாரின் கட்டடத்துக்குத்தான் போய்ச் சேருகின்றன. யாரையோ பிடித்து உறையில் 'டொக்டர் மிஸ்' என்று எழுதுவிக்கிறார். எழுத வேண்டாமென்று நாலு கடிதம் போட்டுவிட்டேன். அங்கே வாசலில் நிற்கிறவன் என்னைக் கண்டதும், "உன் டொக்டர் சகோதரிக்கு வந்திருக்கிறது" என்று சிரித்துக்கொண்டு எடுத்துத் தந்தான்.

திரும்பி வரும்போது முற்றத்தின் நடுவில் நின்றேன். இரண்டு உறையிலும் ஒரே நாளின் முத்திரை. ஒரே வீட்டிலிருந்து புறப்பட்டு, ஒரே லாஞ்சில் கடல் தாண்டி வந்தவை. இங்கே வந்துதான் இரண்டு கட்டடத்துக்குப் பிரிந்திருக்கின்றன. டியூட்டிக்குப் பத்து நிமிடம் இருந்தது. இரண்டையும் ஒரே ஏப்ரன் பொக்கற்றுக்குள் வைத்துக்கொண்டு வார்டுக்குப் போனேன். தங்கச்சியினது உடைத்தது. ஐயாவினது உடைக்காதது.