கை வைக்கிற பக்கம்

வடக்குப்பட்டு ஊரைத் தாண்டி நடந்துகொண்டிருக்கும்போதுதான் கையுறையைக் கழற்றவில்லை என்று கவனித்தேன். கழற்றிப் பையில் திணித்துக்கொண்டேன். நல்ல வெயில். லாரிகள் புழுதியை வாரி அடித்துவிட்டுப் போயின. முதல் ஷிஃப்ட் முடிய இன்னும் மூன்று மணி நேரம் இருந்தது. கம்பெனியில் கக்கூசுக்குப் போவதாகச் சொல்லிவிட்டு வந்திருந்தேன். எட்டாவதோடு பள்ளியை விட்டவன் நான். அதற்குப் பிறகு எத்தனையோ வேலைகளை விட்டிருக்கிறேன். அன்று விட்ட விதம் மட்டும் எனக்கே பிடிக்கவில்லை.

ஒரகடத்தைச் சுற்றி யாருக்கும் கனவு வராது. வெளியூரில் சொன்னால் சிரிப்பார்கள். வந்து பத்து நாள் தங்கினால் சிரிப்பு நின்றுவிடும். படுத்தால் தூக்கம் வரும், எழுந்தால் விடிந்திருக்கும், நடுவில் ஒன்றும் இருக்காது. காலங்காலமாக அங்கேயே இருக்கும் குடும்பங்களுக்கும் இப்போது அப்படித்தான். எப்போது தொடங்கியது என்று கேட்டால் ஆளுக்கொன்று சொல்வார்கள். செம்பரம்பாக்கம் ஏரியைத் தாண்டிவிட்டால் கனவு வரும். அதனால் வார விடுமுறையில் ஷேர் ஆட்டோ பிடித்துக் குன்றத்தூர் போய், மலையடிவாரத்து மண்டபத்தில் துண்டை விரித்து இரண்டு மணி நேரம் தூங்கிவிட்டு வருவோம். முடிவெட்டிக்கொண்டு வருவது மாதிரி.

போகாமல் விட்டால், வராத கனவு பகலில் வரும். பெயின்ட் பிரிவில் ஒருவன் காய்ந்த தரையில் பேண்டை முழங்கால் வரை சுருட்டிக்கொண்டு, வாய்க்காலில் இறங்குகிறவன்போல் அடியெடுத்து நடந்தான். எல்லோரும் சிரித்தோம். எனக்கு ஒரு கை தெரிந்தது.

நான் இருந்தது தகட்டை அமுக்கி வளைக்கும் பிரஸ்ஸில். இரண்டு பேர் வேலை. ஒருவன் தகட்டை உள்ளே வைத்துவிட்டுக் கையை எடுக்க வேண்டும், பிறகு பிரஸ் இறங்க வேண்டும். ஆளுக்கு இரண்டு பட்டன், நான்கு கையும் பட்டனில் இருந்தால்தான் இறங்கும். உருப்படி எண்ணிக்கையைக் கூட்ட வேண்டும் என்று தகடு வைப்பவன் பக்கத்துப் பட்டன்களில் ஐஸ் குச்சியைச் செருகி வைத்திருந்தோம். ஒருநாள் எடுத்துப் பார்த்தோம். எண்ணிக்கை விழுந்தது. மறுநாள் சூப்பர்வைசரே வந்து செருகிவிட்டுப் போனார். ஆக, பட்டனை அமுக்குவது நான் மட்டும்; தகடு வைப்பவன் விரல்களுக்குக் காவல் என் கண் மட்டும்தான்.

தகடு வைத்தவன் தென்காசிப் பக்கத்துக்காரன், என்னோடு ஒரே அறையில் இருந்தவன். இன்னும் ஒரு மாதம் ஓட்டினால் காண்ட்ராக்டிலிருந்து கம்பெனி ஆளாக எடுத்துக்கொள்வதாக அவனுக்குச் சொல்லியிருந்தார்கள்.

ஐந்து வாரமாக ஞாயிற்றுக்கிழமையும் ஓ.டி. பார்த்ததில் நான் குன்றத்தூர் போகவில்லை. பிரஸ்ஸுக்குள் கை தெரிய ஆரம்பித்தது. ஒருநாள் வளையல் போட்ட கை. இன்னொரு நாள் வெறுங்கை. இரண்டு முறை லைனை நிறுத்தினேன். சூப்பர்வைசர் குனிந்து உள்ளே பார்த்தார்.

“இன்னா நைனா, யார் கை இது? ஒன் பொண்டாட்டி கையா? இன்னொரு தபா நிறுத்துனின்னா ரெண்டு பேரும் கெளம்பிக்கினே இருங்க.”

ரெண்டு பேரும் என்றதுதான் உறைத்தது. அதற்குப் பிறகு கை தெரிந்தாலும் அமுக்கினேன். ஒன்றும் ஆகவில்லை. நான் விட்டு வந்த அன்று காலை பத்தரை மணிக்கு மறுபடியும் தெரிந்தது. அமுக்கினேன்.

“ஏய்” என்று அவன் கையை இழுத்துக்கொண்டான். கையுறையின் ஒரு விரல் நுனி தகட்டோடு தகடாக நசுங்கிக் கிடந்தது. தகடு சாய்ந்திருந்ததைச் சரிசெய்ய இரண்டாம் முறை கையை நீட்டியிருக்கிறான்.

“கொஞ்சம் பிந்திட்டேன்லே” என்று தன் மேலேயே போட்டுக்கொண்டு சிரித்தான். நான் பார்த்துவிட்டுத்தான் அமுக்கினேன் என்று சொல்ல வாய் வரவில்லை. கக்கூசுக்குப் போகிறேன் என்றேன்.

பாதித் தூரம் நடந்து, மீதிக்கு ஆட்டோ ஏறி, குன்றத்தூர் மண்டபத்துக்குப் போய்ச் சேர்ந்தேன். வாசலில் பூ கட்டி விற்கும் அம்மா என் கம்பெனிச் சட்டையைப் பார்த்தார்.

“இன்னா தம்பி, கனாவுக்கா? இன்னிக்கு ஞாயித்துக்கெழம கூட இல்லியே. உள்ள காலியாத்தான் கீது, போய்ப் படு.”

படுத்தேன். ஒரு பஸ் நிறையப் பறங்கிக்காய். நான் கண்டக்டர். ஒரு காயும் சில்லறை வைத்திருக்கவில்லை. அவ்வளவுதான் கனவு. எழுந்தபோது தூண் தூணாக இருந்தது, என் கை என் கையாக இருந்தது. காலையில் பார்த்தது அவன் கை என்பதும் அப்போது சந்தேகமில்லாமல் தெரிந்தது. அவனுக்குப் போன் போட்டேன்.

“எங்கலே போய்த் தொலைஞ்ச? உன் சாப்பாட்டையும் நான்தான் தின்னேன்.”

“காலையில நான் பாக்காம அமுக்கல. பாத்துட்டுதான் அமுக்குனேன்.”

அறையில் அவன் ஃபேனை நிறுத்தும் சத்தம் கேட்டது.

“பாத்துட்டா?”

“நெசக் கைன்னு நெனைக்கல.”

“சரி விடு. பத்து வெரலும் இருக்கு.” குரல் முன்புபோல் இல்லை.

“நாளைக்குப் போகாத.”

“இன்னும் ஒரு மாசம் கெடக்கையில போகாம இருக்க முடியுமா? உன் எடத்துல அப்பவே புதுசா ஒருத்தன விட்டுட்டாவ. உன்னவிட வேகமா அமுக்குதான்.”

“அவன் குன்றத்தூர் போறவனா?”

“அதெல்லாம் நான் எங்க கேட்டேன்? அவன் பேரையே கேக்கல.”

அன்றிரவு அறைக்குப் போகாமல் மண்டபத்திலேயே படுத்தேன், தூக்கம் வரவில்லை. விடிவதற்கு முன் கிளம்பி ஷிஃப்ட் தொடங்கும்போது கேட்டில் நின்றேன்.

“கக்கூசு அவ்ளோ தூரமா?” என்றார் சூப்பர்வைசர்.

என் பட்டன் இடத்தைக் கேட்டேன். புது ஆள் நேற்று என்னைவிட அதிகம் எடுத்திருக்கிறான், மாற்ற முடியாது என்றார். அப்படியானால் தகடு வைக்கிற இடத்தைக் கொடுங்கள், தென்காசிக்காரனைப் பேக்கிங்கில் போடுங்கள் என்றேன்.

“அந்த எடத்தக் கேட்டு வாங்குறவன இப்பத்தான் பாக்கறேன்” என்று சொல்லிவிட்டுச் சம்மதித்தார். அவருக்கு ஆள் எண்ணிக்கை சரியாக இருந்தால் போதும்.

அவன் என்னை ஏற இறங்கப் பார்த்தான். “கிறுக்குப் பயலே” என்று சொல்லிவிட்டுப் பேக்கிங் மேசைக்குப் போனான்.

புது ஆள் பட்டன் முன்னால் நின்று காத்துக்கொண்டிருந்தான். கடைசியாக எப்போது கனவு கண்டாய் என்று கேட்டேன். யோசித்தான்.

“ஒரகடம் வந்ததுலேர்ந்து இல்லண்ணே. ஏழெட்டு மாசம் ஆவும்.”

கையைப் பேண்டில் துடைத்துக்கொண்டு பட்டன்மேல் வைத்தான். நான் முதல் தகட்டை எடுத்து உள்ளே வைத்தேன்.