சன்னலோரம் வைத்த மைனாப் பெட்டி

பினாங்கில் சூலியா தெருவுக்குப் பின்னால் எங்கள் வீடு. துறைமுகக் கிடங்கில் வேலை செய்யும் என் கணவர், மைனாக்கள் கூடு கட்டுவதற்காகத் தேயிலைப் பெட்டிப் பலகையில் ஒரு சிறு பெட்டி செய்தார். எங்கள் எட்டு மாதக் குழந்தை படுத்தபடியே பார்க்கட்டும் என்று, அதை அறைச் சன்னலுக்கு வெளியே ஆணியடித்து மாட்டச் சொன்னது நான்தான். சில நாளில் மைனாக்கள் குடிவந்தன. பிறகு குஞ்சுகளின் சத்தமும் கேட்டது.

ஒருநாள் மத்தியானம் மைனாக்கள் இரண்டும் விடாமல் கத்தின. பூனையாக இருக்கும் என்று நான் அம்மியை விட்டு எழவில்லை. கத்தல் நிற்காததால் போய்ப் பார்த்தேன். பெட்டிக்குள் குஞ்சுகளின் சத்தமே இல்லை. மைனாக்கள் சன்னல் கம்பியில் உட்கார்ந்து, பெட்டியை விட்டுவிட்டு அறைக்குள் பார்த்துக் கத்திக்கொண்டிருந்தன.

குழந்தை பாயில் தூங்கிக்கொண்டிருந்தது. கத்தல் கேட்டு வந்த பக்கத்து வீட்டு பாத்திமா அக்கா என் தோளைப் பிடித்தார்.

"தங்கச்சி, தலகாணிக்குப் பின்னால பாரு. சத்தம் போடாம பிள்ளையத் தூக்கு."

வயிறு புடைத்த நல்லபாம்பு சுவரோரம் சுருண்டு கிடந்தது. குழந்தையை வாரியெடுத்துப் பின்பக்கமாகவே நடந்து வெளியே வந்தேன்.

அக்காவின் கணவர் அதை அடித்துத் தூக்கி வந்தார். "குஞ்சு திங்க வந்தது, சன்னல் வழியா உள்ள இறங்கியிருக்கு. வழிய நாமளேதான் போட்டுக் குடுத்திருக்கோம்," என்றார்.

இப்போது பெட்டி வீட்டை விட்டுத் தள்ளி, தகரம் சுற்றிய கம்பத்தில் இருக்கிறது. மைனாக்கள் மறுபடியும் வந்திருக்கின்றன. அவை கத்தத் தொடங்கினால், கையில் என்ன வேலை இருந்தாலும் போட்டுவிட்டு முதலில் குழந்தையைத் தூக்கிக்கொள்கிறேன்.