என்னைக் கேட்காமல் ரத்தான உரிமம்

சகோதர சகோதரிகளே, இது கொஞ்சம் வெட்கக்கேடான சாட்சி. சிரிப்பு வந்தால் சிரித்துக்கொள்ளுங்கள், நான் தடுக்கவில்லை.

என் பெயர் ஞானராஜ். காஞ்சிபுரத்தில் பத்திரப்பதிவு அலுவலகத்துக்கு எதிரே மேசை போட்டுப் பத்தொன்பது வருடமாகப் பத்திரம் எழுதுகிறேன். கேட்பவர்களுக்கு மனுவும் எழுதித் தருவேன். போன ஆடி மாதம் ஒரு திங்கட்கிழமை தபாலில் உத்தரவு வந்தது. என் பத்திர எழுத்தர் உரிமம் ரத்து. எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. இரண்டு பெண்களும் கல்லூரியில் படிக்கிறார்கள். வேறு தொழில் எனக்குத் தெரியாது.

உத்தரவோடு புகாரின் நகலும் இருந்தது. என் மனைவி கிரேஸ் அதை உரக்கப் படித்தாள். ‘பலரின் வாழ்வை நாசமாக்கியவர். ஏழைகளின் வயிற்றில் அடிப்பதையே தொழிலாகக் கொண்டவர்.’

“எவனோ கல்நெஞ்சக்காரன். ஆனா நல்லா எழுதியிருக்கான்” என்றாள்.

எழுதியவன் நான்தான்.

மனு எழுதும்போது யார்மேல் புகார் என்று நான் கேட்பதே கிடையாது. வீண் பகை எதற்கு? பெயர் வரும் இடத்தைக் காலியாக விட்டுவிடுவேன், வந்தவரே நிரப்பிக்கொள்ள வேண்டும். தாமல் கிராமத்திலிருந்து வந்த செல்வியம்மா, ஒரு பத்திர எழுத்தர் தன் நிலத்தின் எல்லையைத் தப்பாக எழுதிவிட்டார் என்று சொன்னபோதும் அப்படித்தான் குனிந்த தலையோடு எழுதிக் கொடுத்தேன். அந்த எழுத்தர் நானாக இருப்பேன் என்று நினைக்கவில்லை. செல்வியம்மா காலி இடத்தில் என் பெயரைப் போட்டு அனுப்பிவிட்டார்.

கிரேஸிடம் உண்மையைச் சொன்னேன். ஒரு நாள் முழுக்க என்னோடு பேசவில்லை. கோபம் இல்லையாம், வாயைத் திறந்தால் சிரிப்பு வந்துவிடுமாம்.

மூன்று நாள் உபவாசம் இருந்தேன். எனக்கு ஜெபமும் மனு மாதிரிதான் வரும். முழங்காலிட்டு, ‘பெறுநர்: பரலோகத்தில் இருக்கும் ஆண்டவர். பொருள்: உரிமம் திரும்பக் கோருதல்’ என்று ஆரம்பித்தேன்.

“ஆண்டவருக்கு முத்திரைத்தாள்லதான் எழுதணுமா? வாயால கேளுங்க, போதும்” என்றாள் கிரேஸ்.

அழுதேன். அழுதுகொண்டே ‘பார்வை’ என்ற இடத்துக்கு வந்தேன். எந்தெந்தக் காகிதத்தைப் பார்த்து முடிவெடுத்தார்கள் என்று அரசாங்கக் கடிதத்தில் பட்டியல் போடுவது அந்த இடத்தில்தான். சட்டென்று எழுந்து உத்தரவை எடுத்துப் பார்த்தேன். பார்வையில் ஒரே வரி, புகார் மனு. என்னிடம் விளக்கம் கேட்ட நோட்டீஸ் இல்லை, என் பதில் இல்லை, விசாரணை இல்லை. என்னை ஒரு வார்த்தை கேட்காமலே ரத்து செய்திருக்கிறார்கள். அது செல்லாது. பத்துத் தடவை படித்தும் கண்ணில் படாததை ஆண்டவர் முழங்காலில் நிற்கவைத்துக் காட்டினார்.

மேல்முறையீடு செய்தேன். மேலதிகாரியம்மா அந்த உத்தரவை நீக்கிவிட்டு, எங்கள் இருவரையும் நேரில் விசாரிக்க அழைத்தார். முதலில் செல்வியம்மாவைக் கேட்டார், “இவர் என்ன தப்பு பண்ணாரு?”

“மேற்கால இருக்கிற ஏரிய கிழக்காலன்னு எழுதிட்டாரும்மா. பத்திரப்படி என் நிலம் ஏரிக்கு அந்தாண்ட கரைக்குப் போயிடுச்சி.”

“பலரோட வாழ்வை நாசமாக்கினார்னு எழுதியிருக்கே?”

“அது எனக்கு இன்னாம்மா தெரியும்? அதெல்லாம் மனு எழுதினவரு சேர்த்துக்கினது.”

“யாரு எழுதினது?”

“இதோ உக்காந்துக்கினு இருக்காரே, இவருதான். இவரு எழுதினா வேலை நடக்கும்னு ஊரே சொல்லுச்சிம்மா.”

அதிகாரி கண்ணாடியைக் கழற்றி வெகுநேரம் துடைத்தார். நான் எழுந்து, ஏரி விஷயத்தில் தப்பு என்னுடையதே, மற்ற வரிகள் என் கை வழக்கமாகச் சேர்ப்பவை என்று ஒப்புக்கொண்டேன். என் செலவில் பிழைத்திருத்தல் பத்திரம் எழுதித் தருவதாகச் செல்வியம்மாவிடம் சொன்னேன். எச்சரிக்கையோடு உரிமம் திரும்பி வந்தது. ஆண்டவருக்கு ஸ்தோத்திரம்.

இப்போதெல்லாம் மனு எழுத வருபவரிடம், புகார் யார்மேல், அவரிடம் ஒருமுறை பேசினீர்களா என்று முதலில் கேட்கிறேன். பாதிப் பேர் மனு எழுதாமலே திரும்பிப் போகிறார்கள். வருமானம் கொஞ்சம் குறைவுதான்.

ஒன்று மட்டும் உறுத்துகிறது. வாழ்வை நாசமாக்கியவர், வயிற்றில் அடிப்பவர் என்ற அந்த இரண்டு வரிகளையும் எத்தனையோ பேர் தலையில் எழுதியிருக்கிறேன். அவர்களையெல்லாம் யாராவது ஒரு வார்த்தை கேட்டார்களா என்று எனக்குத் தெரியாது. பிரியமானவர்களே, உங்கள் பக்கத்தை யாரும் கேட்கவில்லை என்று சோர்ந்து போகாதீர்கள். ஆண்டவர் கேட்கிறார், அவரிடம் சொல்லுங்கள். என் மனுவால் அடிபட்டவர் யாராவது இங்கே இருந்தால், ஆராதனை முடிந்ததும் நான் வாசலிலேயே நிற்கிறேன். வந்து திட்டுங்கள். நீங்கள் முடிக்கும்வரை நான் வாய் திறக்க மாட்டேன்.